எலுமிச்சை அழகியும் அதன் புழுக்களும்: வீட்டுத் தோட்டத்தில் இரை அமைக்கும் முறை

வீட்டுத் தோட்டத்துக்கு வண்ணத்துப்பூச்சிகள் வர வேண்டும் என்று விரும்புபவர்கள் பெரும்பாலும் முதலில் பூச்செடிகளையே வாங்குகிறார்கள். பூ இருந்தால் பூச்சி வரும் என்பது உண்மைதான்; ஆனால் அது தேனைக் குடித்துவிட்டுப் போய்விடும், தங்காது. ஒரு தோட்டத்தில் தலைமுறை தலைமுறையாக வண்ணத்துப்பூச்சி இருக்க வேண்டுமானால், அதன் புழு தின்னும் இலை அங்கே இருக்க வேண்டும். அந்த இலை எந்த இலையாக வேண்டுமானாலும் இருக்க முடியாது. ஒவ்வொரு இனத்துக்கும் தனக்கென்று சில செடிகள் உண்டு. வெந்தய வரியனுக்கு எருக்கு, கொன்றை வெள்ளையனின் உறவினங்களுக்குச் சரக்கொன்றையும் ஆவாரையும் என்பதுபோல, நம் வீடுகளில் மிக எளிதாக வளர்க்கக்கூடிய எலுமிச்சை அழகிக்கு எலுமிச்சைக் குடும்பத்துச் செடிகள். கறிவேப்பிலையும் அக்குடும்பத்தைச் சேர்ந்தது என்பதால், தமிழ்நாட்டில் இந்தப் பூச்சிக்கு இரை இல்லாத தெருவே இல்லை எனலாம்.

பாப்பிலியோ டெமோலியஸ் என்பது இதன் அறிவியல் பெயர். இறகை விரித்தால் 8 முதல் 10 செ.மீ. வரை இருக்கும். கருப்பு நிறத்தின்மேல் வெளிர்மஞ்சள் திட்டுகள் இறைந்து கிடக்கும். பின்னிறகின் உள்முனையில் செங்கல் சிவப்பில் ஒரு புள்ளி தெரியும். அழகிகள் குடும்பத்தின் பல இனங்களுக்குப் பின்னிறகில் வால் இருக்கும்; இதற்கு இல்லை. அதே செடிகளில் முட்டையிடும் காமன் மார்மன் என்ற இனத்திலிருந்து இதைப் பிரித்தறிய அந்த வால் ஒன்றே போதும். இரண்டின் புழுக்களும் இளம் பருவத்தில் ஏறக்குறைய ஒன்றுபோலவே இருக்கும். இரண்டுக்கும் உணவும் ஒன்றே என்பதால், இங்கே சொல்லப்படும் முறைகள் அதற்கும் பொருந்தும்.

புழுவுக்கான செடிகள்

எலுமிச்சை, நார்த்தை, சாத்துக்குடி, பம்பளிமாஸ், வில்வம், விளா, கறிவேப்பிலை, அருவதா ஆகியவற்றின் இலைகளை இந்தப் புழு தின்னும். இக்குடும்பத்துக்கு வெளியே, கார்போகரிசிச் செடியையும் தின்பதுண்டு. இவற்றுள் எதைத் தேர்ந்தெடுப்பது என்பது இடத்தைப் பொறுத்தது. மாடியில் தொட்டி வைத்திருப்பவர்களுக்கு நார்த்தையையும் எலுமிச்சையையும் நான் முதலில் சொல்வேன். காரணம் எளியது: விதை அடுக்களையிலேயே கிடைக்கிறது. பிழிந்த பழத்தின் விதையைக் காயவைக்காமல் அன்றே கழுவி விதைக்க வேண்டும். காய்ந்த எலுமிச்சை விதையின் முளைக்கும் திறன் விரைவில் குறைந்துவிடும். ஒரு தொட்டியில் பத்துப் பன்னிரண்டு விதைகளை நெருக்கமாகவே போடலாம், ஏனெனில் இங்கே நமக்கு வேண்டியது காய்ப்பல்ல, இலை. விதையிலிருந்து வரும் எலுமிச்சை காய்க்கப் பல ஆண்டுகள் ஆகும் என்ற குறை இந்த வேலைக்கு ஒரு பொருட்டே அல்ல.

கறிவேப்பிலையை வைப்பதில் ஒரு சிக்கல் உண்டு. சமையலுக்கும் புழுவுக்கும் ஒரே செடி என்றால், வீட்டில் சச்சரவு வருவது உறுதி. ஆகவே சமையலுக்கு ஒன்று, புழுவுக்கு ஒன்று என இரண்டு செடிகளைப் பிரித்து வைத்து, சமையல் செடியின்மேல் மெல்லிய கொசுவலையைப் போர்த்திவிடுவது நல்லது. வலையை இலையின்மேல் படும்படி போடாமல் நான்கு குச்சிகளை நட்டு அவற்றின்மேல் கட்ட வேண்டும். இலை வலையைத் தொட்டுக்கொண்டிருந்தால், பூச்சி வெளியே அமர்ந்தபடியே வலைக்கண் வழியாக முட்டையிட்டுவிடும். சமையல் செடியில் எப்படியோ வந்துவிட்ட புழுக்களைக் கொல்ல வேண்டிய தேவையும் இல்லை. இணுக்கோடு கிள்ளி மற்றச் செடியில் வைத்தால், அவை தாமாகவே நகர்ந்து புதிய இலைக்குப் போய்விடும்.

நாற்றங்காலில் வாங்கும் செடிகளில் எச்சரிக்கை தேவை. விற்பனைக்கு வளர்க்கப்படும் எலுமிச்சை வகைச் செடிகளுக்கு, வேர் வழியாக ஏறி இலை முழுவதும் பரவும் ஊடுருவு நஞ்சுகளை இடுவதுண்டு. இலையைக் கழுவினாலும் அந்த நஞ்சு போகாது, ஏனென்றால் அது இலையின் சாற்றிலேயே இருக்கிறது. அத்தகைய செடியில் பிறந்த புழு ஓரிரு நாளில் சுருண்டு விழும். வாங்கிய செடியைச் சில மாதங்கள் வைத்திருந்து, பழைய இலைகளைக் கவாத்து செய்து, வீட்டில் துளிர்த்த புதிய இலைகளையே புழுவுக்கு விட வேண்டும். கடையில் வாங்கும் கறிவேப்பிலைக் கட்டைப் புழுவுக்குப் போடுவதும் இதே காரணத்தால் கூடாது.

முட்டை வரவேண்டுமானால் தளிர் வேண்டும்

பெண் பூச்சி செடியைப் பார்த்த உடனே முட்டையிடுவதில்லை. இலையின்மேல் இறங்கி, இறகைப் படபடவென்று அடித்துக்கொண்டே, முன்னங்கால்களால் இலையைத் தட்டிப் பார்க்கும். கால் நுனியிலுள்ள சுவையுணர் மயிர்கள் அது சரியான செடிதானா என்பதை இலையின் வேதிப்பொருள்களைக் கொண்டு உறுதிசெய்த பிறகே, வயிற்றின் நுனியை வளைத்து ஒரு முட்டையை ஒட்டவைத்துவிட்டு அடுத்த தளிருக்குப் பறக்கும். முட்டை கடுகைவிடச் சிறியது; வெளிர்மஞ்சள் நிறத்தில் உருண்டையாக, வழவழப்பாக இருக்கும். பொரிக்கும் தறுவாயில் கருத்துக் காணப்படும்.

முட்டைகள் கொழுந்திலும் இளந்தளிரிலுமே மிகுதியாகக் காணப்படுவதற்குக் காரணம், பிறந்த புழுவின் தாடை முற்றிய இலையைக் கடிக்கும் வலிமை இல்லாதது. இளந்தளிரில் நீரும் தழைச்சத்தும் கூடுதல், நார் குறைவு. ஆகவே செடியை நட்டுவிட்டுக் காத்திருப்பது மட்டும் போதாது. அதைத் துளிர்க்கச் செய்ய வேண்டும். கிளை நுனிகளை ஒரு சாண் அளவு வெட்டிவிட்டு, மட்கிய சாணத்தையோ மண்புழு உரத்தையோ இரண்டு கைப்பிடி இட்டு, நாள்தோறும் நீர் ஊற்றினால் சில வாரங்களில் செடி முழுவதும் கொழுந்து விடும். எல்லாத் தொட்டிகளையும் ஒரே நாளில் வெட்டாமல், ஒன்றுக்கும் மற்றொன்றுக்கும் இரண்டு வார இடைவெளி விட்டு வெட்டினால், எப்போதும் ஏதேனும் ஒரு தொட்டியில் தளிரும் மற்றவற்றில் முற்றிய இலையும் இருக்கும். புழுவுக்கு இரண்டுமே தேவை என்பதைக் கீழே காணலாம். மழை பெய்து ஓய்ந்த நாட்களில் மரங்கள் தாமாகவே துளிர்ப்பதால், அக்காலத்தில் இந்த வேலை மிச்சம்.

புழு தின்னும் விதம்

மூன்று நான்கு நாட்களில் முட்டையிலிருந்து வெளிவரும் புழுவின் முதல் உணவு, பெரும்பாலும் அதன் முட்டை ஓடுதான். அதன் பிறகு தளிரின் விளிம்பைச் சிறிது சிறிதாக அரிக்கத் தொடங்கும். இப்பருவத்தில் அது தின்பது மிகக் குறைவு; இலையில் ஊசியால் நெருடியது போன்ற தடயத்தைத் தவிர வேறெதுவும் கண்ணுக்குத் தெரியாது. புழுவும் எளிதில் தெரியாது. கருமை கலந்த பழுப்பு உடலில் வெண்திட்டுகளோடு, இலையின் மேற்பரப்பில் பறவையின் எச்சம் காய்ந்து கிடப்பதுபோல அசையாமல் இருக்கும். தோட்டத்தைத் தூய்மையாக வைக்கும் ஆர்வத்தில் இதை எச்சமென்றே எண்ணித் துடைத்து எறிந்துவிடுபவர்கள் உண்டு; எனவே எலுமிச்சை இலையில் எச்சம் கண்டால் குனிந்து பார்த்துவிட்டுக் கை வைப்பது நல்லது.

புழு ஐந்து பருவங்களைக் கடக்கிறது. ஒவ்வொரு பருவத்துக்கும் இடையில் தோலை உரிக்கிறது. தோலுரிப்பதற்கு முன் ஏறத்தாழ ஒரு நாள் எதையும் தின்னாமல், இலையில் தான் நூற்ற மெல்லிய பட்டு விரிப்பைக் கால்களால் பற்றிக்கொண்டு அசையாமல் இருக்கும். இதை நோய் என்று எண்ணிப் புழுவைப் பிடுங்கி வேறு இலைக்கு மாற்றக் கூடாது. மாற்றினால் பிடிமானம் போய், பழைய தோலைக் கழற்ற முடியாமல் இறந்துவிடும். உணவை மறுக்கும் புழுவை ஒரு நாள் அப்படியே விட்டுவிடுவதே அதற்குச் செய்யும் பெரிய உதவி.

நான்காம் பருவம் வரை எச்ச நிறத்தில் இருந்த புழு, ஐந்தாம் பருவத்தில் இலைப்பச்சை நிறத்துக்கு மாறி, பக்கவாட்டில் பழுப்புப் பட்டைகளோடு, 4 செ.மீ. அளவுக்கு வளர்கிறது. இங்கேதான் பலரும் கணக்குத் தவறுகிறார்கள். புழுப் பருவம் முழுவதும் தின்னும் இலையில் மிகப் பெரும்பகுதியை இந்தக் கடைசிப் பருவத்தின் சில நாட்களிலேயே தின்றுவிடுகிறது. முதல் பத்து நாளும் செடிக்கு ஒன்றும் ஆகவில்லை என்று நிம்மதியாக இருந்துவிட்டு, அடுத்த மூன்றாம் நாள் போய்ப் பார்த்தால் கறிவேப்பிலை இணுக்குகளில் வெறும் காம்பு மட்டும் நிற்கும். இப்போது அது தளிரைத் தேடுவதில்லை. தாடை வலுத்துவிட்டதால், முற்றிய இலையையும் விளிம்பிலிருந்து அரித்து, எலுமிச்சையானால் நடுநரம்பை மட்டும் மிச்சம் வைத்து, அடுத்த இலைக்கு நகரும்.

ஆகவே புழுக்களின் எண்ணிக்கையை அவை சிறியவையாக இருக்கும்போதே முடிவு செய்துவிட வேண்டும். முழங்கால் உயரமுள்ள ஒரு தொட்டிச் செடிக்கு இரண்டு அல்லது மூன்று புழுக்களே அளவு என்பது என் கருத்து. ஆளுயரச் செடியில் பத்துப் பன்னிரண்டு இருந்தாலும் செடி தாங்கும். கூடுதலாக உள்ளவற்றைத் தெருவிலுள்ள வில்வ மரத்திலோ பக்கத்து வீட்டு நார்த்தையிலோ, உரிமையாளர் ஒப்புக்கொண்டால், விட்டுவிடலாம். ஆனால் ஒரு செடியின் இலையைத் தின்று வளர்ந்த புழு, இடையில் வேறு செடிக்கு மாற்றப்பட்டால் தின்னத் தயங்கலாம். கறிவேப்பிலையில் பிறந்ததைக் கறிவேப்பிலையிலேயே தொடரவிடுவதும், மாற்றியே தீர வேண்டும் என்றால் முதல் இரண்டு பருவங்களுக்குள் மாற்றுவதும் நல்லது.

புழுவுக்குத் தனியாகத் தண்ணீர் வைக்க வேண்டியதில்லை. இலையிலுள்ள நீரே அதற்குப் போதும். அதனால்தான் வாடிய இலை அதற்கு உணவாகாது. பறவைகளுக்குப் பயந்து வீட்டுக்குள் பெட்டியில் வளர்ப்பவர்கள், இணுக்கை நீருள்ள சிறு புட்டியில் செருகி, புட்டியின் வாயைப் பஞ்சால் இடைவெளியின்றி அடைத்துவிட வேண்டும். இல்லாவிட்டால் புழு காம்பு வழியாகக் கீழே இறங்கி நீரில் மூழ்கிவிடும். இலையை நாள்தோறும் மாற்ற வேண்டும். பெட்டியின் அடியில் சேரும் எச்ச உருண்டைகளையும் நாள்தோறும் கொட்ட வேண்டும், ஏனெனில் ஈரமும் எச்சமும் சேர்ந்தால் பூஞ்சணம் பிடித்து, புழுக்கள் கருத்து நீர்த்துப்போகும் நோய் வரும். அப்படிக் கருத்த புழு ஒன்றைக் கண்டால் அதை உடனே அகற்றி, பெட்டியைச் சோப்பு நீரில் கழுவி வெயிலில் காயவைத்த பிறகே மற்றவற்றைத் திரும்ப விட வேண்டும். என்னைக் கேட்டால், பெட்டியைவிடச் செடியின்மேல் வலையைக் கட்டி அங்கேயே வளர்ப்பது மேல். இலை மாற்றும் வேலையும் இல்லை, எச்சமும் நேராக மண்ணுக்கே போய்விடும்.

இலையை மாற்றும்போது புழுவின் தலைக்குப் பின்னாலிருந்து இரண்டாகப் பிரிந்த ஒரு கொம்பு திடீரென்று நீண்டு, நெடியுள்ள ஒரு மணம் வீசும். எறும்பையும் சிலந்தியையும் விரட்ட அது வைத்திருக்கும் கருவி இது. கொட்டாது, கடிக்காது, கையைக் கழுவினால் மணம் போய்விடும். ஆனாலும் இது எல்லாப் பகைவரையும் தடுப்பதில்லை. குளவிகளில் சிறு இனங்கள் முட்டையிலும் புழுவிலும் கூட்டுப்புழுவிலும் தம் முட்டைகளைச் செலுத்தும். தையல்சிட்டும் ஓணானும் கும்பிடுபூச்சியும் புழுவைக் கொத்தித் தின்னும். இவற்றை முற்றிலும் தடுக்க முயல்வதை நான் பரிந்துரைப்பதில்லை, ஏனென்றால் அவற்றுக்கும் இதுவே இரை. எறும்பை மட்டும் தடுக்கலாம். தொட்டியை நீருள்ள தட்டில் கல் வைத்து அதன்மேல் நிறுத்தி, இலைகள் சுவரைத் தொடாமல் பார்த்துக்கொண்டால் எறும்பு ஏறாது. மாவுப்பூச்சித் தொல்லையும் அதனுடன் குறையும்.

மருந்தைப் பொறுத்தவரை விதி ஒன்றே: புழுச்செடியில் எதையும் தெளிக்கக் கூடாது. வேப்பெண்ணெய் இயற்கையானது என்பதால் தீங்கற்றது என்று எண்ணுவது பிழை. அது புழுவின் பசியைக் கெடுத்து, தோலுரிப்பையும் தடுக்கும். பேசில்லஸ் துரின்ஜியென்சிஸ் என்ற நுண்ணுயிர் மருந்தும் புழுக்களைக் கொல்வதற்கென்றே விற்கப்படுவது. மாவுப்பூச்சி வந்தால் நீரைப் பீய்ச்சியோ பழைய பல்துலக்கியால் தேய்த்தோ அகற்ற வேண்டும்.

தின்பதை நிறுத்தும் நாள்

இரண்டு வாரங்களுக்குச் சற்றுக் கூடக்குறைய வளர்ந்த புழு, ஒரு நாள் தின்பதை நிறுத்தி, வழக்கமான உலர்ந்த உருண்டைகளுக்கு மாறாக நீர்த்த கழிவை வெளியேற்றி, செடியைவிட்டு இறங்கி அலையத் தொடங்கும். கூட்டுப்புழுவாக இடம் தேடுகிறது என்பதற்கு இதுவே அடையாளம். இனி இலை வைக்க வேண்டாம். வலைக்குள் வளர்ப்பவர்கள் சில உலர்ந்த குச்சிகளைச் சாய்த்து வைத்தால் போதும். வாலை ஒரு பட்டுத் திண்டில் பதித்து, இடுப்பில் ஒரு நூலைக் கட்டிக்கொண்டு அது தொங்கும். கூடு அமைந்த இடத்தையொட்டி அதன் நிறம் பச்சையாகவோ பழுப்பாகவோ இருக்கும். பழுப்பாக இருப்பதால் இறந்துவிட்டது என்று எறிந்துவிடக் கூடாது. பத்து நாள் அளவில் பூச்சி வெளிவரும். கூட்டில் சிறிய வட்டத் துளை தென்பட்டால், உள்ளிருந்து வந்தது குளவி என்று பொருள்.

பூச்சிக்கான பூக்கள்

வெளிவந்த பூச்சிக்கு உடனே உணவு ஊட்ட முயலக் கூடாது. இறகு விரிந்து உலர இரண்டொரு மணி நேரம் ஆகும். அதற்குள் அது, இரண்டு பாதிகளாக இருக்கும் தன் உறிஞ்சுகுழலைச் சுருட்டியும் நீட்டியும் ஒன்றாக இணைத்துக்கொள்ளும். இனி அதற்குத் தாடை இல்லை, இலையும் தேவையில்லை; நீர்ம உணவு மட்டுமே. இந்த இனம் பூவில் முழுமையாக அமராமல், முன்னிறகை அடித்துக்கொண்டே குடிக்கும் பழக்கமுடையது. அதற்குச் செலவாகும் ஆற்றலுக்கு ஈடாகத் தேன் மிகுந்த பூக்கள் கொத்தாக இருக்க வேண்டும். இட்லிப்பூ என்று வழங்கும் வெட்சி இதற்கு மிகப் பொருத்தம்: நீண்ட மெல்லிய குழலின் அடியில் தேன், அதை எட்டக்கூடிய நீண்ட குழல் அழகிகளிடம் இருக்கிறது, ஒரே கொத்தில் பல பூக்கள் இருப்பதால் இடம்விட்டு இடம் பறக்க வேண்டியதும் இல்லை. நித்தியகல்யாணி, செம்பருத்தி, ஜின்னியா, பென்டாஸ் ஆகியவையும் உதவும். இதழ்கள் அடுக்கடுக்காகப் பெருகிய கலப்பின வகைகளை வாங்குவதில் பயனில்லை. அவற்றில் தேன் குறைவாகவோ எட்டாமலோ இருக்கும். உண்ணிச்செடிக்கு எல்லாப் பூச்சியும் வரும் என்றாலும், அது காடுகளை ஆக்கிரமிக்கும் களை என்பதால் புதிதாக நடுவதை நான் ஏற்பதில்லை. மண்தரையில் தானே முளைக்கும் வெட்டுக்காயப் பூண்டைப் பிடுங்காமல் விட்டால், செலவில்லாமல் ஆண்டு முழுவதும் தேன் கிடைக்கும்.

பூச்செடிகளைக் காலை வெயில் படும் இடத்தில் வைக்க வேண்டும். உடல் சூடேறாமல் இவை நன்றாகப் பறக்க முடியாது; நிழலில் எவ்வளவு பூத்தாலும் நாடுவது குறைவு.

தேனில் சர்க்கரை உண்டு, உப்பு மிகக் குறைவு. அதனால் ஆண் பூச்சிகள் ஈர மண்ணில் அமர்ந்து நீரை உறிஞ்சி, அதிலுள்ள சோடியத்தைச் சேர்த்துக்கொள்கின்றன. இனச்சேர்க்கையின்போது அதில் ஒரு பங்கு பெண்ணுக்கும் போய்ச் சேர்கிறது. ஒரு அகன்ற மண்தட்டில் ஆற்றுமணலும் தோட்டத்து மண்ணும் கலந்து பரப்பி, ஒரு சிட்டிகை உப்பும் சிறிது சாம்பலும் தூவி, நீர் தேங்காமல் ஈரம் மட்டும் இருக்கும்படி வெயிலில் வைத்தால் போதும். தேங்கிய நீர் கொசுவுக்கு இடமாகும். கனிந்து அழுகிய பழங்களைத் தட்டில் வைக்கும் வழக்கம் வேறு சில இனங்களுக்கானது. எலுமிச்சை அழகியை அதில் எதிர்பார்க்க வேண்டாம். சர்க்கரைப் பாகும் பொதுவாகத் தேவையற்றது. அடைமழை நாளில் வீட்டுக்குள் வெளிவந்த பூச்சியை விட முடியாமல் போனால் மட்டும், பத்துப் பங்கு நீருக்கு ஒரு பங்கு சர்க்கரை கரைத்து, பஞ்சில் நனைத்து, அதன் முன்னங்கால் படும்படி வைத்தால், சுவை தெரிந்து தானே குழலை நீட்டும்.

எலுமிச்சையைத் தொழிலாகப் பயிரிடுபவர்களுக்கு இந்தப் புழு விருந்தாளி அல்ல என்பதையும் குறிப்பிட வேண்டும். நாற்றங்காலிலும் இளங்கன்றுகளிலும் இது முழுச் செடியையும் மொட்டையடித்துவிடும். 2004-இல் டொமினிக்கன் குடியரசில் காணப்பட்ட பிறகு கரீபியத் தீவுகள் சிலவற்றில் பரவி, அங்கும் எலுமிச்சை வகைகளுக்குப் பகையாகப் பார்க்கப்படுகிறது. வளர்ந்து காய்க்கும் மரத்துக்கு ஆகும் இழப்பு அவ்வளவு பெரிதல்ல. வீட்டில் காய்க்காக ஒரு கன்றை நட்டிருப்பவர்கள், அது இடுப்புயரம் வரும்வரை புழுக்களைக் கையால் எடுத்துப் புழுச்செடிக்கு மாற்றிவர வேண்டும்.

ஒரு தொகுதிப் புழுக்கள் கூடு கட்டியதும் செடி மொட்டையாக நிற்பதைக் கண்டு கவலைப்பட வேண்டாம். வெறும் காம்புகளை நறுக்கிவிட்டு, மண்ணைக் கொத்தி, ஒரு கை மட்கிய சாணம் இட்டு, வலையைப் போர்த்தி, புதிய இலைகள் முற்றும் வரை அந்தத் தொட்டிக்கு ஓய்வு கொடுக்க வேண்டும். ஓய்வில்லாமல் அடுத்தடுத்துப் புழுக்களை விட்டால் வேர் வலுவிழந்து கறிவேப்பிலை பட்டுப்போகும். அந்த இடைவெளியில் முட்டையிட வரும் பூச்சிக்கு அடுத்த தொட்டி தளிரோடு தயாராக இருக்க வேண்டும் என்பதால், இடமிருப்பவர்கள் மூன்று செடிகளாவது வைத்துச் சுழற்சியில் விடுவது நல்லது.